பாதிக் கூடம்

பிப்ரவரி 4

அக்கா,

போனில் பேசினால் பாதியில் நீ அழுகிறாய், மீதியில் நான் வைத்துவிடுகிறேன். இனிமேல் கடிதம்தான் என்று நீதான் சொன்னாய். சரி. காகிதத்தில் கத்தினால் உனக்குக் காது வலிக்காது.

விஷயம் இதுதான். வீட்டு வசதி வாரியத்திலிருந்து ஓலை வந்திருக்கிறது. புதுச் சட்டம். "ஒரு கூடம், ஒரு குடும்பம்." முன்பு இரண்டு குடும்பங்களுக்குப் பிரித்துக் கொடுத்த வீடுகளையெல்லாம் இனி ஒரே குடும்பத்தின் பெயருக்கு எழுதப் போகிறார்களாம். கையெழுத்துப் போட்டுக் கேட்கிற பக்கத்துக்கு முழு வீடு, இரண்டு பக்கமும் கேட்டால் ஆள் அதிகமுள்ள பக்கத்துக்கு. மற்றவர்களுக்கு ஊருக்கு வெளியே புதுக் காலனியில் ஓர் அறை. இரண்டு பக்கமும் கையெழுத்துப் போடாமல் இழுத்தடித்தால் வீட்டை வாரியமே எடுத்துக்கொள்ளும். எடுத்து யாருக்கு விற்கும் என்று உனக்குத் தெரியாதா? கீழ் மாடியை வாங்கினவன் எல்லாவற்றையும் பெயர்த்துப் போட்டு, வெள்ளை அடித்து, நடுவில் ஒரே ஒரு நாற்காலியை வைத்திருக்கிறான். ஒயரிங் நான்தான் செய்தேன். அந்தக் காலத்தில் இல்லாதவன் வீடு காலியாக இருந்தது. இப்போது இருக்கிறவன் வீடுதான் காலியாக இருக்கிறது.

எனக்கு வயிறு எரிவது வேறு விஷயத்துக்கு. பழைய சொந்தக்காரரான மர வியாபாரியின் கூடத்தைப் பிடுங்கி, நடுவில் ஒட்டுப்பலகை அடித்து, இந்தப் பக்கம் நம்மையும் அந்தப் பக்கம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சு அம்மாவையும் திணித்தது யார்? இதே வாரியம்தான். ஜெனரல் ஆட்சியில் "ஒரு கூரை, இரு குடும்பம்" என்று மாடிப்படியில் எழுதிப் போட்டார்களே, அந்த எழுத்தின் மேலேயே இப்போது புது வாசகத்தை எழுதியிருக்கிறார்கள். பழையது அடியில் தெரிகிறது. அதை மறைக்க இன்னொரு கோட்டு பெயின்ட் செலவு செய்யக்கூட மனசில்லை.

ஆனால் நியாயம் பேசிக்கொண்டிருந்தால் தெருவில் நிற்க வேண்டியதுதான். நம் பக்கம் அப்பாவும் நானும். அந்தப் பக்கம் அவள் ஒருத்தி. எல்லையில் இருக்கும் பட்டாளத்து மகனை அவள் கணக்கில் சேர்த்தால் சமம். அதனால் நீயும் இங்கேதான் குடியிருக்கிறாய் என்று ஒரு கையெழுத்துப் போட்டு அனுப்பு. அம்மா இருந்தவரை என்ன சொல்வாள்? "டெலிபோன்ல ஊரு பேச்சைக் கேக்கறதுதான்டி அவ வேலை. மெதுவாப் பேசுங்க." அப்படிப்பட்டவளிடம் கூடத்தை விடுவதா?

அப்பாதான் ஒத்துவரவில்லை. கையெழுத்துக் கேட்டால் மூக்குக் கண்ணாடியைக் காணோம் என்கிறார். அது நெற்றியிலேயே இருக்கிறது. பலகையை அளக்கலாம் என்று டேப்பை எடுத்தால் முன்னால் வந்து நிற்கிறார். பலகையில் தொங்கும் காலண்டரைக்கூடத் தொடக் கூடாதாம்.

கோபத்துடன்,
பட்டாசு

பிப்ரவரி 19

அடி பட்டாசு,

உன் கடிதத்தில் "எப்படி இருக்கிறாய்" என்ற ஒரு வார்த்தையைத் தேடினேன். இல்லை. பரவாயில்லை, நான் நன்றாக இருக்கிறேன்.

கையெழுத்துப் போடுகிறேன். போடுவதற்குள் கை கொஞ்சம் தயங்கியது என்பதையும் சொல்லிவிடுகிறேன். வந்து ஐந்து வருஷமான ஊரிலிருந்து, நான் இல்லாத வீட்டில் இருக்கிறேன் என்று எழுதுவது எப்படியோ இருந்தது. போனில் நீ என்னைப் "பொம்மை வீட்டு ராணி" என்று சொன்னது இன்னும் குத்திக்கொண்டிருக்கிறது. ஆனால் பொய்யில்லை. நாற்காலி மேஜைக் கடையில் நாள் முழுக்க மாதிரி அறைகளைத்தான் ஜோடிக்கிறேன். அலமாரியில் புத்தகத்தின் முதுகு மட்டும் இருக்கும். குழாயைத் திறந்தால் காற்றுகூட வராது. சனிக்கிழமைகளில் ஜனங்கள் குடும்பத்தோடு வந்து, யாரும் படுக்காத கட்டிலில் உட்கார்ந்து பார்த்துவிட்டு, தங்கள் வீடு இப்படி இல்லையே என்று சண்டை போட்டுக்கொண்டு போகிறார்கள்.

இருந்தாலும் என் தொழிலை நான் கற்றுக்கொண்டேன். கூடம் நம் கைக்கு வந்தால் எப்படி இருக்கலாம் என்று வரைந்து வைத்திருக்கிறேன். நாலு சுவரும் வெள்ளை. நீ பல்லைக் கடிப்பது இங்கே கேட்கிறது. நீயே நினைத்துப் பார். ஜெனரல் காலத்தில் வீட்டுக்கு வீடு ஒரே பச்சை, ஒரே படம், ஜன்னலுக்குத் திரை போடக் கூடாது. ஜெனரல் விழுந்த பிறகு எல்லாருக்கும் பைத்தியம் பிடித்தது. அம்மா வெளிநாட்டு ஷாம்பு பாட்டில்களைக் காலியான பிறகும் கண்ணாடி அலமாரியில் அடுக்கி வைத்தாள். குளிர்பதனப் பெட்டியை வாசலுக்கு நேராக வைத்து அதற்குப் பூப்போட்ட துணி போர்த்தினாள். ஒன்றுமில்லாத வீட்டில் பிறந்தவள் நிறைத்துப் பார்த்தாள். நிறைந்த வீட்டில் வளர்ந்த எனக்குக் கொஞ்சம் காலி இடம் வேண்டும் என்று தோன்றினால் அது குற்றமா?

அந்தக் காலண்டர்... மலைப் படம் போட்டதா? நான் கிளம்பின வருஷத்தது அல்லவா? அந்த இடத்தில்தான் ஜெனரலின் வானொலி இருந்தது. நீ அப்போது சின்னக் குழந்தை. பலகையைச் சதுரமாக வெட்டி, இரண்டு வீட்டுக்கும் சேர்த்து ஒரே பெட்டியை வைத்தார்கள். இரண்டு பக்கமும் அதற்கு வாய். நிறுத்த முடியாது, சத்தத்தைக் குறைக்கத்தான் முடியும். குறைக்கும் திருகு அந்தப் பக்கம் இருந்தது. ஜெனரல் விழுந்த அன்று தெருவில் எல்லாரும் பெட்டிகளை ஜன்னல் வழியாக வீசினார்கள். அப்பா மட்டும் திருகாணிகளைக் கழற்றி, பெட்டியைக் கையில் தூக்கிக்கொண்டு கீழே போய் வைத்துவிட்டு வந்தார். "யார் தலையிலயாவது விழுந்துடும்" என்றார்.

பழைய காலண்டரை ஏன் வைத்திருக்கிறார் என்று கேட்டுப் பார்த்தாயா?

உன் அக்கா

மார்ச் 6

அக்கா,

நன்றாக இருக்கிறாயா? கேட்டுவிட்டேன்.

வெள்ளைச் சுவர்ப் படத்தைப் பார்த்தேன். ஆஸ்பத்திரியில் இரண்டு பூந்தொட்டி வைத்த மாதிரி இருக்கிறது. அதை அப்புறம் பேசலாம்.

அப்பாவைப் பற்றிக் கவலையாக இருக்கிறது. தினமும் சாயந்தரம் இரண்டு தம்ளர் தேநீர் போடுகிறார். எனக்குத்தான் என்று கையை நீட்டினேன். "உனக்கு வேற போடறேன்" என்றார். "அப்ப இது யாருக்கு?" "எனக்குத்தான். ஒண்ணு இப்ப, ஒண்ணு அப்புறம்." ஆறின தேநீரைத் தொடக்கூட மாட்டாரே அவர்! முந்தாநாள் நான் குளித்துக்கொண்டிருக்கும்போது கூடத்தில் முணுமுணுவென்று பேச்சுக் குரல். வெளியே வந்தால் அவர் மட்டும் பலகையைப் பார்த்து நிற்கிறார். "யாரோட பேசறீங்க?" என்றேன். "காலண்டர்ல நாள் பாத்தேன்." ஐந்து வருஷத்துக்கு முந்தின காலண்டரில் என்ன நாள் பார்ப்பது? பஸ் டிப்போவில் முப்பது வருஷம் பெயின்ட் வாசனையை முகர்ந்தது இப்போது மூளையில் வேலையைக் காட்டுகிறது என்று நினைக்கிறேன். எங்கள் சைட் மேஸ்திரிக்குத் தெரிந்த டாக்டர் ஒருவர் இருக்கிறார், ஞாபக மறதிக்குப் பார்ப்பவர்.

இதற்கிடையில் எக்ஸ்சேஞ்சு அம்மாவைப் படிக்கட்டில் மடக்கினேன்.

"கையெழுத்துப் போட்டாச்சா?"

"உங்க பக்கம் போட்டாச்சாம்மா?"

"நாங்க எப்பப் போடணும்னு எங்களுக்குத் தெரியும்."

"சரி. அப்பாவுக்குச் சளி கட்டியிருக்கு போல. நீ வேலைக்குப் போனப்புறம்தான் இருமல் ஜாஸ்தியாகுது. கொஞ்சம் கவனி."

"பலகையில காதை ஒட்ட வெச்சுக் கேட்டீங்களா? ரிட்டயர் ஆகியும் ஒட்டுக் கேக்கற டூட்டி முடியலையா?"

கோபப்படுவாள் என்று பார்த்தேன். படவில்லை. "நல்ல காதும்மா இது. இதை வெச்சுத்தான் இத்தனை வருஷம் சோறு தின்னேன்" என்று சொல்லிவிட்டுப் பையைத் தூக்கிக்கொண்டு ஏறிப் போனாள். எனக்கு அதுதான் எரிந்தது.

அடுத்த மாதம் பதினைந்தாம் தேதி அதிகாரி நேரில் வருகிறார். அதற்குள் கையெழுத்து ஆகாவிட்டால் வீடு வாரியத்துக்கு. நீயாவது அப்பாவுக்கு எடுத்துச் சொல்லி எழுது.

பட்டாசு

மார்ச் 14

பட்டாசு,

டாக்டரும் வேண்டாம், மண்ணாங்கட்டியும் வேண்டாம்.

கடைக்குப் போகிற ரயிலில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டே எழுதுகிறேன். எதிரில் இருந்தவர் பயந்துபோய் வேறு இடத்துக்கு மாறிவிட்டார். ஊரில் இருக்கிற சுவருக்கெல்லாம் ஒயர் இழுக்கிறாய், உன் வீட்டுச் சுவருக்குள் என்ன லைன் ஓடுகிறது என்று தெரியவில்லையே, மக்கு!

அப்பா வெளியே போகிற நேரமாகப் பார்த்து அந்தக் காலண்டரைத் தூக்கிப் பார். கத்தாதே.

அக்கா

மார்ச் 24

அக்கா,

கத்தினேன்.

ஞாயிற்றுக்கிழமை அப்பா ரொட்டி வாங்கக் கீழே இறங்கினார். காலண்டரைத் தூக்கினேன். வானொலி இருந்த சதுரம் அப்படியே ஓட்டையாக இருக்கிறது. அப்படியே என்றால் அப்படியே இல்லை. விளிம்பையெல்லாம் உப்புத்தாள் போட்டுத் தேய்த்து, கை கீறாதபடி மழமழவென்று ஆக்கியிருக்கிறார்கள். அடிக்கட்டையில் தம்ளர் வைத்து வைத்து வளையம் வளையமாகக் கறை. அந்தப் பக்கத்தை ஏதோ மூடியிருந்தது. அது முகம் பார்க்கும் கண்ணாடியின் முதுகு. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது நகர்ந்தது.

"வந்தாச்சா? இன்னிக்கு எலுமிச்சம்பழம் பிழிஞ்சிருக்கேன், தொண்டைக்கு நல்..." என்று ஒரு கை தம்ளரை நீட்டியது. கைக்குப் பின்னால் எக்ஸ்சேஞ்சு அம்மாவின் முகம். ஓட்டைக்கு இந்தப் பக்கம் என் முகம். இரண்டு பேரும் ஒன்றாக அலறினோம். பாதித் தேநீர் என் சட்டையில்.

"சுட்டுதா?" என்றுதான் முதலில் கேட்டார்.

அதற்குள் அப்பா ரொட்டியோடு வாசலில் நிற்கிறார். திருட்டுப் பீடி பிடித்து மாட்டிக்கொண்ட பள்ளிக்கூடப் பையன் மாதிரி.

"எத்தனை நாளாப்பா?"

"ஓட்டை அந்த ரேடியோவைக் கழட்டினதிலேர்ந்து இருக்கு. பேச்சு... உங்கம்மா போனப்புறம்தான். அந்த மாசம் ஒரு நாள் தனியா உக்காந்து அழுதுக்கிட்டிருந்தேன். அந்தப் பக்கத்துலேர்ந்து 'தேநீர் வேணுமா'ன்னாங்க. வேணும்னேன். அவ்வளவுதான்."

"அவங்க கதவைத் தட்டி, உள்ள போயி, மனுஷங்க மாதிரி நாற்காலியில உக்காந்து பேசினா என்ன?"

"நேர்ல பேசிப் பழக்கமில்லம்மா. படிக்கட்டுல பாத்தாலே காலு பின்னிக்குது."

அக்கா, சிரிப்பதா தலையில் அடித்துக்கொள்வதா? ஜெனரல் காலத்தில் யார் யார் வீட்டுக்குப் போகிறார்கள் என்று எழுதிக்கொள்ள மாடிப்படியில் ஒருத்தன் உட்கார்ந்திருப்பானாமே. அதனால் பக்கத்து வீட்டுக்காரர்கள் முகம் பார்க்காமல் போய்ப் போய்ப் பழகிவிட்டதாம். ஜெனரல் செத்தாயிற்று. அவன் சிலையை உருக்கித் தண்ணீர்க் குழாய் வார்த்தாயிற்று. இந்த இரண்டு பேர் மட்டும் இன்னும் அவனுக்குப் பயந்து ஓட்டை வழியாகத் தேநீர் குடித்துக்கொண்டிருக்கிறார்கள்!

கையெழுத்து விஷயத்தையும் கேட்டேன். "நான் போட்டா அவங்க காலனிக்குப் போகணும். அவங்க போட்டா நாம போகணும். அதான் ரெண்டு பேரும் போடல."

"போடலைன்னா ரெண்டு பக்கமுமே வெளியில போகணும்ப்பா!"

"தெரியும். அதைப் பத்தித்தான் பேசிக்கிட்டிருக்கோம்."

"எப்பலேர்ந்து?"

"ஓலை வந்ததிலேர்ந்து."

பேசிக்கொண்டிருக்கிறார்களாம். தேதி நெருங்குகிறது, இவர்கள் எலுமிச்சம்பழம் பிழிந்துகொண்டிருக்கிறார்கள்.

அம்மாவை நினைத்தால் எனக்கு ஒரு மாதிரி இருக்கிறது. அந்த அம்மாவை நினைத்தாலும் ஒரு மாதிரி இருக்கிறது. படிக்கட்டில் நான் பேசின பேச்சு. ஜெயித்தால் அப்பா தோற்றுப் போவார் என்று தெரிந்துகொண்டு எப்படி ஜெயிப்பது? வழி சொல்.

பட்டாசு

ஏப்ரல் 2

என் பட்டாசு,

இரண்டு தடவை எழுதிக் கிழித்தேன். முதல் கடிதத்தில் அம்மாவுக்காக அழுதேன். இரண்டாவதில் உனக்குப் புத்தி சொன்னேன். இரண்டும் தேவையில்லை.

எக்ஸ்சேஞ்சு அம்மாவைப் பற்றி நம் அம்மா சொன்னதெல்லாம் பயத்தில் சொன்னது. கண்ணால் பார்த்ததை ஒன்றுகூடச் சொன்னதில்லை. அவர்களும் பலகைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து நம்மைப் பற்றி அப்படித்தான் குசுகுசுத்திருப்பார்கள். பெரியவர்கள் பயந்ததற்கு ஜெனரல் என்ற காரணம் இருந்தது. நமக்கு என்ன காரணம் இருக்கிறது?

என் பெயரை உங்கள் பக்கம் சேர்க்க வேண்டாம். சட்டம் என்ன கேட்கிறது? ஒரு கூடத்தில் ஒரு குடும்பம். கேட்டதைக் கொடுத்துவிடு. அப்பாவிடம் கல்யாணப் பேச்சை எடு. அவராகக் கேட்க மாட்டார். பஸ்ஸுக்கு நம்பர் எழுதுகிற மனுஷர், பஸ்ஸில் ஏறச் சொன்னால் யோசிப்பார்.

நேற்று கடையில் ஒரு காரியம் செய்தேன். மாதிரி அறை மேஜையில் ஒரு தம்ளரை ஈரத்தோடு வைத்து வளையக் கறை உண்டாக்கினேன். மானேஜர் வந்து வள்ளென்று விழுந்தார். ஆனால் சாயந்தரம் வந்த ஒரு ஜோடி மற்ற அறைகளை விட்டுவிட்டு அந்த மேஜையில்தான் ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தது.

அக்கா

ஏப்ரல் 27

அக்கா,

முதலில் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் நீ கடைசிப் பக்கத்துக்குத் தாவுவாய். வீடு நமக்கு. நமக்கு என்றால், எல்லாருக்கும்.

உன் கடிதம் வந்த அன்றே அப்பாவிடம் கேட்டேன். "கல்யாணமா? இந்த வயசுலயா? அவங்க என்ன நினைப்பாங்க?" என்றார். "கேளுங்க, தெரியும்." "ஓட்டையில கேக்கற விஷயமாம்மா அது?" "அப்ப நேர்ல கேளுங்க." "காலு பின்னிக்குமே!" இப்படியே நாள் போனது. பலகைக்கு அந்தப் பக்கம் நானே போய்க் கேட்டுவிடலாம் என்றால், "நீ தலையிட்டா நான் டிப்போவுக்கே குடி போயிடுவேன்" என்று மிரட்டல் வேறு.

பதினைந்தாம் தேதி அதிகாரி வந்துவிட்டார். கையில் டேப், காலில் என் முகம் தெரிகிற அளவுக்குப் பளபளக்கும் செருப்பு. அப்பா சவரம் செய்துகொண்டு காலண்டர் முன்னால் நிற்கிறார்.

"இங்க எத்தனை குடும்பம்?"

"ஒண்ணு" என்றார் அப்பா. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"எங்க பேப்பர்ல ரெண்டுன்னு இருக்கே?"

"தப்பா இருக்கும்."

"நடுவுல சுவர் இருக்கே, பெரியவரே?"

அப்பா நெற்றியிலிருக்கிற மூக்குக் கண்ணாடியைத் தேட ஆரம்பித்தார். சரி, வீடு போயிற்று என்று நினைத்தேன். அப்போது காலண்டர் தானாக விலகியது. அதிகாரி ஓரடி பின்னால் குதித்தார். ஓட்டையில் எக்ஸ்சேஞ்சு அம்மா. தலை வாரி, பொட்டுப் பவுடரெல்லாம் போட்டு, டெலிபோனில் பேசுகிற அந்தத் தெளிவான குரலில் சொன்னார்.

"ஒரே குடும்பம்தான் சார். கல்யாணம் அடுத்த வாரம். சுவரை இன்னிக்கே எடுத்துடறோம். அளக்கறதா இருந்தா அப்புறமா வந்து முழுசா அளந்துக்குங்க."

அப்பா பக்கத்தில் இருந்த நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். அதிகாரியை விட்டுவிட்டு ஓட்டையைப் பார்த்துக் கேட்கிறார், "அடுத்த வாரமா?"

"ஏன், உங்களுக்கு வேற ஏதாவது வேலை இருக்கா?"

"இல்ல... இல்லல்ல."

அவ்வளவுதான் அக்கா, பெண் பார்த்தது, நிச்சயம் செய்தது எல்லாம். அதிகாரி கையேட்டை முன்னும் பின்னும் புரட்டினார். இரண்டு குடும்பம் ஒன்றானால் என்ன செய்வது என்று அதில் எங்கேயும் இல்லையாம். எப்படி இருக்கும்? பிரிக்கவும் துரத்தவும்தான் அவர்களுக்குப் பக்கம் பக்கமாக விதி எழுதத் தெரியும். கடைசியில் "பதிவுச் சான்று கொண்டாங்க, பாக்கலாம்" என்று சொல்லிவிட்டுப் போனார். கொண்டுபோய்க் கொடுத்தோம். எக்ஸ்சேஞ்சு அம்மாவின் பட்டாளத்து மகன் லீவில் வந்து கல்யாணத்துக்குச் சாட்சிக் கையெழுத்துப் போட்டார். ஆறடி உயரம். என்னைத் தங்கச்சி என்று கூப்பிடுகிறார். நான் இன்னும் பழகவில்லை.

சுவரை அதிகாரி வந்த அன்றைக்கே இடித்தோம். மாடியில் இருக்கிற ஆளெல்லாம் வந்துவிட்டார்கள், ஆளுக்கொரு சுத்தியல். நான் முதலில் மின்சாரத்தைத் துண்டித்துவிட்டு ஒயரைப் பத்திரமாக எடுத்தேன், தொழில் தொழில்தானே. அப்புறம் ஓங்கி ஒன்று போட்டேன். அக்கா, அப்பளம் மாதிரி வந்தது! ஒட்டுப்பலகையில் பாதியைக் கரையான் தின்றுவிட்டிருக்கிறது. இதற்குப் பயந்தா ஒரு தலைமுறை முழுக்கக் குசுகுசுவென்று பேசினோம்? பலகை செருகியிருந்த இடத்தில் பக்கச் சுவர் அடுக்கடுக்காகத் தெரிந்தது. அடியில் மர வியாபாரியின் நீலப் பூக்காகிதம், அதன் மேல் ஜெனரலின் பச்சை, அதன் மேல் அம்மா ஆசைப்பட்டு அடித்த ரோஸ். அந்தப் பக்கமும் அதே ரோஸ்தான். ஒரே கடையில் ஒரே டப்பாவைத்தான் வாங்கியிருக்கிறார்கள், ஒருத்தருக்கொருத்தர் தெரியாமல். ஜெனரல் படம் தொங்கின ஆணி இரண்டு பக்கமும் ஒரே உயரத்தில் இன்னும் இருந்தது.

தூசி அடங்கின பிறகுதான் அடுத்த தலைவலி. இரண்டு பேருக்கும் பேச்சு வரவில்லை! ஓட்டை வழியாக மணிக்கணக்கில் பேசினவர்கள், நடுவில் ஒன்றுமே இல்லாத இவ்வளவு பெரிய கூடத்தில் ஆளுக்கு ஒரு கோடியில் உட்கார்ந்திருக்கிறார்கள். "தேநீர்." "வெச்சிடுங்க." "வெளியில காத்து." "ஆமா." கல்யாணமாகியும் இதே கதைதான். பலகையைத் திரும்ப அடித்துவிடலாமா என்றுகூட நினைத்தேன். மகன் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "தங்கச்சி, தப்புப் பண்ணிட்டோமோ?" என்றார்.

இன்று காலைதான் பெயின்ட் வேலை ஆரம்பித்தோம். உன் வெள்ளைச் சுவர்ப் படத்தை அப்பா ஒரு பார்வை பார்த்தார், மடித்து ஏணிக்கால் ஆடாமல் இருக்க அடியில் வைத்துவிட்டார், மன்னித்துக்கொள். மஞ்சள் டப்பாவைத் திறந்து கலக்க ஆரம்பித்தார். கூடத்தின் அந்தக் கோடியிலிருந்து குரல் வந்தது.

"மஞ்சளா? இதென்ன வீடா, பஸ்ஸா?"

அப்பா நிமிர்ந்தார். "முப்பது வருஷம் அடிச்சேன். ஒரு பஸ்ஸும் குறை சொன்னதில்ல."

"பஸ்ஸுக்கு வாயிருக்கா சொல்றதுக்கு?"

"மஞ்சள் அடிச்சா வெளிச்சமா இருக்கும்!"

"வெளிச்சத்துக்குத்தான் ஜன்னல் இருக்கே! நீலம் அடிங்க!"

"நீலமா? நான் என்ன தண்ணித் தொட்டியிலயா குடியிருக்கேன்?"

அக்கா, கத்துகிறார்கள்! அப்பாவுக்கு இவ்வளவு குரல் இருக்கிறது என்று இன்றைக்குத்தான் தெரிகிறது. அந்த அம்மா குரலைக் கேட்டுத் தெருவில் போகிறவர்கள் நிமிர்ந்து பார்க்கிறார்கள். கீழ் வீட்டுக்காரன் தன் ஒற்றை நாற்காலியை விட்டு எழுந்து வெளியே வந்துவிட்டான். நான் ஜன்னல் கட்டையில் உட்கார்ந்து இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். இரண்டு பேரும் என்னைத் தீர்ப்புச் சொல்லக் கூப்பிடுகிறார்கள். நான் வாயைத் திறக்கப் போவதில்லை.

பழக்க தோஷம், "ஜன்னலைச் சாத்தட்டுமா?" என்று மட்டும் கேட்டேன்.

"எதுக்கு?" என்று இரண்டு பேரும் ஒரே குரலில் கத்தினார்கள்.

பட்டாசு